நான் முடித்துக் கொடுத்த படங்கள்

1

இந்த நாட்டுக்கு வந்து மூன்று வருடம் முடிந்த வாரத்தில் எனக்கு இரண்டு கடிதங்கள் வந்தன. ஒன்று குடிவரவுத் திணைக்களத்திலிருந்து. என் வேலை விசா ஜூலை மாதத்துடன் முடிகிறது, நீடிக்க வேண்டுமானால் வேலை தரும் இடத்திலிருந்து உறுதிக் கடிதம் வேண்டும். மற்றது நான் வேலை செய்யும் பாலர் பாடசாலையிலிருந்து. என்னை நிரந்தரமாக்குவதா இல்லையா என்று முடிவெடுக்க வேண்டியிருக்கிறது, இத்துடன் உள்ள படிவத்தை நிரப்பித் தரவும்.

படிவங்களுக்கு நான் பயந்தவள் அல்ல. கண்டி மஹய்யாவையில் எங்கள் லயத்து வரிசை வீடுகளில் யாருக்குப் படிவம் வந்தாலும் அது கடைசியில் என்னிடம்தான் வந்து சேரும். அடையாள அட்டை, மரணப் பதிவு, மின்சார இணைப்பு என்று பத்து வயதிலிருந்து மற்றவர்களுக்காக நிரப்பியிருக்கிறேன். என் அப்பா கண்டி நகரத்தின் வீதிகளைக் கூட்டுபவர். அம்மாவும் அதே வேலைதான். இருவரும் கையெழுத்து வைக்க வேண்டிய இடத்தில் பெருவிரலை வைப்பவர்கள். எங்கள் குடும்பத்தில் பேனா பிடித்த முதல் கை என்னுடையது. அந்தக் கையைப் பற்றி எனக்குக் கர்வம் உண்டு. அதை மறைக்கப் போவதில்லை.

பெயர், முகவரி, தகைமை எல்லாம் ஐந்து நிமிடத்தில் முடிந்தன. கடைசிப் பக்கத்தில் ஒரு பெரிய வெற்றுப் பெட்டி இருந்தது. அதன் மேல் ஒரு வரி: "கடந்த ஒரு மாதத்தில், ஒரு பிள்ளையோடு சேர்ந்து நீங்களும் வியந்துபோன ஒரு தருணத்தை எழுதுங்கள்."

பதினொரு நாட்கள் அந்தப் பெட்டி அப்படியே கிடந்தது.

ஊரில் இருந்து இதை வாசிக்கிறவர்கள் சிரிக்கலாம். இதெல்லாம் ஒரு கேள்வியா, எதையாவது எழுதிக் கொடுத்துவிட வேண்டியதுதானே என்று. நானும் அப்படித்தான் நினைத்தேன். எதையாவது எழுதிக் கொடுத்ததில் என்ன நடந்தது என்பதையும் சொல்கிறேன். அதற்கு முன் நான் ஒட்டிய சுவரைப் பற்றிச் சொல்ல வேண்டும். அந்தச் சுவர் இல்லையென்றால் இந்தப் படிவம் எனக்கு வந்தே இருக்காது.

2

நான் இருப்பது டனீடன் நகரத்தில். நியூசிலாந்தின் தென்பகுதியில், கண்டியைப் போலவே மேடும் பள்ளமுமான ஊர். எங்கள் பாலர் பாடசாலையில் மூன்று, நான்கு வயதுப் பிள்ளைகள் இருபத்திரண்டு பேர். பொறுப்பாசிரியை ஹெலன் ஐம்பது வயதைத் தாண்டியவர். எந்த நேரமும் அவருடைய தலைமயிரில் எங்காவது வர்ணம் ஒட்டியிருக்கும்.

தவணைக்கு ஒரு முறை, சனிக்கிழமை காலையில், பெற்றோர் பிள்ளைகளுடன் வந்து அவர்கள் செய்தவற்றைப் பார்ப்பார்கள். இந்த முறை எல்லோரும் 'என் வீடு' என்று படம் வரைந்திருந்தார்கள். வெள்ளிக்கிழமை பின்னேரம் ஹெலன் வேறொரு கூட்டத்துக்குப் போக வேண்டியிருந்தது. படங்களைச் சுவரில் ஒட்டிவிடும்படி என்னிடம் சொல்லிவிட்டுப் போனார்.

படங்களைத் தரையில் பரப்பிப் பார்த்தேன். ஒரு வீட்டுக்குக் கூரை இல்லை. ஒரு வீட்டின் கதவு வானத்தில் இருந்தது. ஒரு வீட்டுக்குக் கால்கள், அதுவும் ஐந்து. ரூபி என்ற நான்கு வயதுப் பெண்பிள்ளையின் தாளில் கறுப்பு மட்டும்தான். மூலை முடுக்கெல்லாம் அழுத்தி அழுத்திக் கறுப்பு பூசியிருந்தாள். இந்தப் படங்களுக்கு முன்னால் நாளைக்குப் பெற்றோர் வந்து நிற்பார்கள். அந்தத் தாய் தகப்பன்மாரின் முகத்தை நினைத்துப் பார்த்தேன். பிள்ளைகளின் முகத்தையும் நினைத்துப் பார்த்தேன்.

கதவைச் சாத்திவிட்டு உட்கார்ந்தேன். கூரை இல்லாத வீட்டுக்குக் கூரை போட்டேன். கதவை வானத்திலிருந்து இறக்கி, அது இருந்த இடத்தில் நீலம் பூசினேன். கோட்டுக்கு வெளியே போன நிறங்களை வெள்ளையால் மறைத்தேன். ஐந்து கால்களை வேலியாக்கினேன். எல்லாப் படங்களுக்கும் புல் வைத்தேன். இரண்டு மலை, நடுவில் ஒரு சூரியன் வைத்தேன். ரூபியின் தாளில் செய்வதற்கு எதுவும் இருக்கவில்லை. அதை இரண்டாக மடித்துக் கழிவுத்தாள் பெட்டியில் போட்டுவிட்டு, புதிய தாளில் சிவப்புக் கூரையுடன் ஒரு வீடு வரைந்து அவளுடைய பெயரை எழுதினேன். முதுகு நொந்தது. ஆனாலும் எழுந்து நின்று சுவரைப் பார்த்தபோது, ஒரு பிள்ளையையும் தலைகுனிய விடமாட்டேன் என்ற நிம்மதி இருந்தது.

மறுநாள் காலை பிள்ளைகள் பெற்றோரின் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு வந்தார்கள். சுவருக்கு முன்னால் வந்ததும் இழுப்பது நின்றது. ஒரு முனையிலிருந்து மறுமுனை வரை நடந்தார்கள். திரும்பி வந்தார்கள். பெற்றோர்தான் பெயரைப் பார்த்து, "இதோ, இதுதானே உன்னுடையது" என்று காட்டிக்கொண்டிருந்தார்கள். சில பிள்ளைகள் தலையாட்டினார்கள்.

ரூபி என் பக்கத்தில் வந்து நின்றாள். சிவப்புக் கூரை வீட்டை நான் சுட்டிக்காட்டினேன். அவள் அதைக் கொஞ்ச நேரம் பார்த்தாள். மரியாதை தெரிந்த பிள்ளை.

"அழகாக இருக்கிறது" என்றாள். "யாருடையது?"

அவளுடைய தாய் குனிந்து பெயரை வாசித்தார். "உன் பெயர்தானே போட்டிருக்கிறது, செல்லம்."

"இல்லை. என்னுடையது லைட் அணைத்த பிறகு உள்ள வீடு."

பிறகு அவள் தேடத் தொடங்கினாள். மேசைக்கு அடியில் பார்த்தாள். கதவுக்குப் பின்னால் பார்த்தாள். யாரும் சொல்லாமலே கழிவுத்தாள் பெட்டிக்குள் கையை விட்டாள். மடித்த தாளை எடுத்துத் தரையில் வைத்து, இரண்டு கையாலும் தேய்த்துத் தேய்த்து மடிப்பைச் சரிசெய்தாள். அறையில் இருந்த எல்லோரும் அதைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். ஹெலன் அவளைப் பார்க்கவில்லை. என்னைப் பார்த்தார்.

3

"ஏன் இப்படிச் செய்தீர்கள்?" என்று ஹெலன் கேட்டது திங்கட்கிழமை. கோபமாகக் கேட்கவில்லை. உண்மையாகவே அவருக்கு விளங்கவில்லை.

எங்கள் ஊரில் இதை யாரும் கேட்கமாட்டார்கள். கல்விக் கண்காட்சி என்றால் முதல் நாள் ஆசிரியர்கள் எல்லோரும் பாடசாலையில் தங்குவார்கள். பிள்ளைகள் செய்த கைப்பணிகளை எடுத்து ஒட்டி, வெட்டி, பூசி, ஆள் பார்க்கும்படி ஆக்கிவிட்டு, பிள்ளையின் பெயரை மட்டும் அழகான எழுத்தில் எழுதி வைப்பார்கள். வலயக் கல்விப் பணிமனையிலிருந்து அதிகாரிகள் வருவார்கள் அல்லவா. அது ஏமாற்று என்று ஒருவருக்கும் தோன்றாது. பிள்ளைகள் மேல் உள்ள அன்பு அது.

நான் நான்காம் வகுப்பில் இருந்தபோது கண்காட்சிக்குக் கொடுத்த தலைப்பு 'எங்கள் நகரம்'. கண்டி வாவியைச் செய்ய நினைத்தேன். தேர்தல் முடிந்தால் சுவரொட்டிகளைக் கிழித்து எடுப்பதும் அப்பாவின் வேலை. ஒட்டாமல் மிஞ்சிய கட்டு ஒன்றை அவர் வீட்டுக்குக் கொண்டு வந்திருந்தார். முன்பக்கம் யாரோ ஒருவர் கும்பிட்டுக்கொண்டிருப்பார். பின்பக்கம் நல்ல வெள்ளை. அதில் வாவியை வரைந்து வெட்டி, ஒரு மட்டைப் பெட்டியின் மேல் ஒட்டினேன். நடுவில் ஓட்டை போட்டு, தீக்குச்சியால் ஏணி செய்து உள்ளே இறக்கினேன். பெட்டிக்குள் இன்னொரு நகரம் இருந்தது. கண்டிக்குப் பக்கத்தில் தெல்தெனியவில் அணை கட்டியபோது பழைய டவுன் தண்ணிக்குள் போய்விட்டது என்று அப்பா சொல்லியிருந்தார். அப்படியென்றால் கண்டிக்கு அடியிலும் ஒன்று இருக்க வேண்டும் என்பது என் முடிவு.

வகுப்பு டீச்சர் குனிந்து பார்த்தார். "என்னா புள்ள இது? கொளத்துக்கு ஏணி எங்க இருக்கு?"

"கீழ எறங்குறதுக்கு டீச்சர்."

"கீழ யாரு இருக்கா?"

"கூட்டுறவங்க எல்லாம் வேல முடிஞ்சு அங்கதான் போவாங்க. அங்க ரோட்டு கூட்டத் தேவல்ல டீச்சர். தண்ணியே கூட்டிரும்."

அவர் சிரித்தார். கெட்ட சிரிப்பு அல்ல. என் தலையைத் தடவிவிட்டு, "ஆபீசர்மாரு வந்து பாப்பாங்க புள்ள, கேலி பண்ணுவாங்க. டீச்சர் சரி பண்ணித் தாறேன், நீ போ" என்றார்.

மறுநாள் பார்த்தால் ஓட்டை மூடப்பட்டிருந்தது. வாவிக்குப் பளபளக்கும் நீலத்தாள் ஒட்டி, சுற்றி மதில் வைத்து, பஞ்சில் இரண்டு அன்னம் மிதந்தன. முன்னால் என் பெயர்.

அப்பா வேலையிலிருந்து வந்து, குளித்து, வெள்ளைச் சட்டை போட்டுக்கொண்டு பார்க்க வந்தார். அவருக்கு வாசிக்கத் தெரியாது. "இதுல எதும்மா ஒன்னோடது?" என்று காதுக்குள் கேட்டார்.

"அந்த கொளம்ப்பா."

"அதுல இருக்குறது ஒம் பேரா?"

"ஆமா."

அவர் விரலை அந்த எழுத்துக்குக் கிட்டக் கொண்டு போனார். தொடவில்லை. பக்கத்தில் நின்ற யாரோ ஒருவரிடம், "எம் மக செஞ்சதுங்க" என்றார்.

எனக்கு அழுகை வரவில்லை. அதைத்தான் ஹெலனுக்குச் சொல்ல முடியவில்லை. ரூபி போல நான் என்னுடையதைத் தேடவில்லை. பெட்டியைத் தூக்கி உள்ளே நகரம் இருக்கிறதா என்றுகூடப் பார்க்கவில்லை. அப்பாவின் முகத்தைப் பார்த்துக்கொண்டு, அன்னம் இரண்டும் நான் செய்தவை என்று நானே நம்பினேன். என் வாழ்க்கையில் அதைவிடப் பெருமையான நாள் அதற்கு முன் இருக்கவில்லை. அந்தப் பெருமையைத்தான் இருபத்திரண்டு பிள்ளைகளுக்கும் ஒரே பின்னேரத்தில் கொடுக்கப் பார்த்தேன்.

4

அதற்குப் பிறகு எனக்கு எல்லாம் இலகுவாக வந்தது. ஐந்தாம் வகுப்புப் புலமைப்பரிசில் பரீட்சைக்கு 'நான் ஒரு பறவையானால்' என்ற கட்டுரையைப் பயிற்சிப் புத்தகத்திலிருந்து பாடமாக்கினேன். யாரோ பறந்த பறவை. ஒரு காற்புள்ளிகூட மாறாமல் எழுதினேன். நல்ல புள்ளி. அப்படியே மேலே மேலே வந்து, பல்கலைக்கழகம் போய், தெல்தெனியப் பக்கம் ஒரு தமிழ்ப் பாடசாலையில் ஆசிரியையாக நியமனம் கிடைத்தது.

நான் அங்கே போன இரண்டாம் வருடம் கடும் வரட்சி. நீர்த்தேக்கத்தில் தண்ணீர் இறங்கி, பழைய டவுனின் சுவர்கள் வெளியே தெரிந்தன. ஊரே போய்ப் பார்த்தது. வகுப்பில் ஒரு மாணவி எழுந்தாள்.

"டீச்சர், பழய டவுன் தெரியுதாம். படியெல்லாம் இருக்காம். ஒருக்கா போய் பாத்துட்டு வருவமா டீச்சர்? ஓடிப் போய் ஓடி வந்துருவோம்."

"பரீட்ச முடிஞ்சு பாக்கலாம். உக்காரு."

"பரீட்ச முடியிறதுக்குள்ள தண்ணி வந்துரும் டீச்சர்."

"வந்தா வரட்டும். கொப்பிய எடு."

பரீட்சை முடிவதற்குள் மழை வந்தது. தண்ணீர் ஏறிவிட்டது. நானும் போய்ப் பார்க்கவில்லை. பஸ் தரிப்பிடத்திலிருந்து பத்து நிமிட நடை. ஒன்பது வயதில் தீக்குச்சியால் ஏணி போட்ட இடம் அது, திறந்து கிடந்தது, நான் விடைத்தாள் திருத்திக்கொண்டிருந்தேன். நினைவே வரவில்லை என்பதுதான் இப்போது என்னைப் பயமுறுத்துகிறது. போக வேண்டும் என்று நினைத்து அடக்கிக்கொண்டேன் என்றால்கூடப் பரவாயில்லை. எனக்கு ஆசையே வரவில்லை.

5

படிவத்துக்குத் திரும்புகிறேன். வியப்பு வர வேண்டும் என்று நான் பட்ட பாட்டை வெளியே சொல்ல வெட்கமாக இருக்கிறது. மதிய இடைவேளையில் கடற்கரைக்குப் போய் நின்றேன். கடல் இருந்தது. பிள்ளைகள் மண்ணுக்குள் புழு தேடியபோது நானும் முழங்காலில் உட்கார்ந்து பார்த்தேன். காற்சட்டையில் சேறு பட்டது, அதை எப்படிக் கழுவுவது என்று யோசித்தேன். ஒரு நாள் ஆலங்கட்டி மழை கொட்டியது. பிள்ளைகள் எல்லோரும் வாயைத் திறந்துகொண்டு வெளியே ஓடினார்கள். நான் எண்ணிக்கொண்டிருந்தேன், இருபது, இருபத்தொன்று, இருபத்திரண்டு, சரி.

வீட்டில் என் கணவர் மோகன் இதைக் கேட்டுச் சிரித்தார். அவர் ஹேவாஹெட்டத் தேயிலைத் தோட்டத்துப் பிள்ளை. பத்தாம் வகுப்போடு நின்றவர். இங்கே மீன் பதனிடும் இடத்தில் வேலை. என் விசா போனால் அவருடைய வேலையும் போகும், மகள் கவிஷாவின் பாடசாலையும் போகும். அப்படியிருந்தும் சிரிக்கிறார்.

"அப்ப டீச்சரம்மா பெயிலா?"

"வெளயாடாதீங்க. எனக்கு ஒண்ணும் வரல."

"வெளயாடாதீங்க, வெளயாடாதீங்க. இதத்தானே நீ மூணு நேரமும் சொல்ற. நான் புள்ளைக்கு கத சொன்னா, பெக்டரி புகைக்கூண்டு எப்புடி நடக்கும்னு நடுவுல வந்து கேக்குற. நீ எங்களோட ஒக்காந்து ஒரு நாளாச்சும் வெளயாடியிருக்கியா?"

"எனக்கு நேரம் எங்க இருக்கு?"

"நேரத்த கேக்கலயே நான்."

நான் கோபித்துக்கொண்டு எழுந்தேன். அவருக்கு என்ன, பத்தாம் வகுப்பு, சிரித்துக்கொண்டு இருக்கலாம் என்று மனதுக்குள் திட்டினேன். அந்த நேரம் பார்த்துக் கவிஷா வந்தாள். அவளுக்கு ஆறு வயது. நான் தமிழில் கேட்டால் சில நேரம் ஆங்கிலத்தில் பதில் சொல்லும் வயதுக்கு வந்துவிட்டாள். ஒரு கையில் படம், மறுகையில் அழிறப்பர். இரண்டையும் என் மடியில் வைத்தாள்.

"நான் முடிச்சிட்டேன் அம்மா. இனி நீங்க சரி பண்ணுங்க."

இரண்டு மலை. நடுவில் சூரியன். ஒரு வீடு, ஒரு பாதை. கோடுகள் மெல்லியதாக, நான் அழிப்பதற்கு வசதியாக, அழுத்தாமல் வரையப்பட்டிருந்தன.

"இது யாரு வீடு?" என்று கேட்டேன்.

"தெரியாது."

"ஒனக்குப் புடிச்சிருக்கா?"

அவள் குழம்பிப்போய் என் முகத்தைப் பார்த்தாள். சரியான பதில் என் முகத்தில் எங்கே இருக்கிறது என்று தேடினாள். "சரியா இருக்கா அம்மா?" என்று திருப்பிக் கேட்டாள்.

விசா போனால் போகட்டும், இது போய்விட்டதே என்று நினைத்தேன். அன்று டீச்சர் எனக்குச் செய்ததை நான் இவளுக்குத் தினமும் செய்திருக்கிறேன். இவள் ரூபியின் வயதில் என்ன வரைந்தாள் என்று யோசித்துப் பார்த்தேன். ஞாபகம் இல்லை. நான் சரிசெய்த பிறகு எப்படி இருந்தது என்பதுதான் ஞாபகம் இருக்கிறது.

அழிறப்பரை என் கைக்குள் மூடிக்கொண்டேன். "இன்னைக்கு அம்மா சரி பண்ண மாட்டேன்" என்றேன். அதை அவள் தண்டனை என்று எடுத்துக்கொண்டாள். "நான் என்ன பிழை செஞ்சேன்?" என்று அழத் தொடங்கினாள். மோகன்தான் தூக்கிக்கொண்டு போனார். அவர் இந்த முறை கேலி பேசவில்லை.

6

அந்த நிலையிலும் நான் என்ன செய்தேன் தெரியுமா? பன்னிரண்டாம் நாள், இணையத்தில் தேடி, யாரோ ஓர் ஆசிரியை எழுதிய ஒரு பந்தியைக் கண்டுபிடித்தேன். ஒரு நத்தையும் ஒரு பிள்ளையும். நத்தை போன பாதையில் வெள்ளிக் கோடு. அதைக் கொஞ்சம் மாற்றிப் பெட்டிக்குள் எழுதிக் கொடுத்தேன். புலமைப்பரிசில் பரீட்சையில் சரியாக வந்தது இங்கே ஏன் வராது?

வெள்ளிக்கிழமை ஹெலன் என்னை அழைத்துப் படிவத்தை மேசையில் வைத்தார். "நன்றாக எழுதியிருக்கிறீர்கள். எந்தப் பிள்ளை?"

நான் அதை யோசிக்கவில்லை. "மியா" என்றேன்.

"எப்போது?"

"போன வாரம். திங்களோ செவ்வாயோ."

ஹெலன் கண்ணாடியைக் கழற்றினார். "மியாவுக்கு அம்மை போட்டிருந்தது. போன வாரம் முழுக்க அவள் வரவில்லை. வரவுப் பதிவில் நீங்கள்தானே எழுதினீர்கள்."

ஒன்பது வயதில் இருந்து நான் எதிலும் பிடிபட்டதில்லை. முப்பத்துமூன்று வயதில், ஒரு நத்தையில் பிடிபட்டேன். அப்பாவை நினைத்தேன். கண்டியில் எந்த வீதியைக் கூட்டினாலும், யார் நின்று பேசினாலும், "எம் மக வெளிநாட்டுல டீச்சருங்க" என்று சொல்லிக்கொண்டிருக்கிறார். நான் பெட்டியோடு போய் மஹய்யாவையில் இறங்கினால் அவர் எந்த வீதிக்குப் போவார்?

அந்த நேரத்தில் எனக்கு வாயில் வந்த ஆங்கிலம் உடைந்த ஆங்கிலம். இத்தனை வருடம் சேர்த்து வைத்த இலக்கணம் எல்லாம் எங்கோ போய்விட்டது. "எனக்கு ஒன்றும் வரவில்லை" என்றேன். "தேடினேன். நிறையத் தேடினேன். உள்ளே இல்லை. சின்னதில் இருந்தது. நான்தான் கொடுத்துவிட்டேன். யாரும் பறிக்கவில்லை, நான் சந்தோஷமாகக் கொடுத்தேன். இப்போது என் மகளிடமும் இல்லை." ஏணியைச் சொன்னேன். அன்னங்களைச் சொன்னேன். அழிறப்பரைச் சொன்னேன். ஒரு வேலை நேர்காணலில் சொல்லக் கூடாதவை எவையோ அத்தனையையும் சொன்னேன்.

ஹெலன் ஆறுதல் சொல்லவில்லை. நான் எழுதிய நத்தைப் பக்கத்தைக் கிழித்து எடுத்தார். "உறுதிக் கடிதம் இப்போது தர முடியாது" என்றார். "ஜூன் கடைசி வரை பார்க்கலாம். அதுவரைக்கும் ஒரு நிபந்தனை. தினமும் காலையில் அரை மணித்தியாலம் பிள்ளைகளின் மேசையில் உட்காருங்கள். உங்களுக்கு முன்னால் ஒரு தாள். எந்தப் பிள்ளைக்கும் உதவக் கூடாது. எதையும் திருத்தக் கூடாது. உங்களுடையதை மட்டும் செய்யுங்கள்."

"எதைச் செய்ய வேண்டும்?"

"எனக்கு எப்படித் தெரியும்?" என்றார்.

7

அந்தக் கதிரைகள் முழங்கால் உயரம்கூட இல்லை. முதல் நாள் கை தன் பாட்டில் இரண்டு மலைகளை வரைந்துவிட்டது. கையை எடுத்து மடியில் வைத்துக்கொண்டேன். அடுத்த நாள் ஒரு கோடு. அதன் பிறகு ஒன்றும் இல்லை. ஒவ்வொரு நாளும் பிள்ளைகள் இருமருங்கிலும் வளைந்து வளைந்து வரைந்துகொண்டிருப்பார்கள், நான் நடுவில் வெள்ளைத் தாளுக்கு முன்னால் பரீட்சை மண்டபத்தில் படிக்காமல் வந்தவளைப் போல வியர்த்துக்கொண்டிருப்பேன். பக்கத்துப் பிள்ளை சூரியனைப் பச்சையாகப் பூசினால் என் விரல்கள் துடிக்கும். ஹெலன் சில நேரம் கதவடியில் வந்து நின்றுவிட்டுப் போவார். அரை மணித்தியாலம் முடிந்ததும் தாளைக் கசக்காமல் அடுக்கில் திரும்ப வைப்பேன். பாவிக்காத தாள்தானே.

வீட்டில் கவிஷா இன்னும் என்னிடம் படம் கொண்டு வருவதில்லை. நான் சரிசெய்ய மாட்டேன் என்றதும் வரைவதையே நிறுத்திவிட்டாள். மோகன் கேட்டுப் பார்த்தார். "வேணாம்" என்கிறாள். அதைப் பற்றி எழுத என்னால் முடியவில்லை.

மூன்றாவது வாரத்தில் ஒரு செவ்வாய்க்கிழமை ரூபி எனக்குப் பக்கத்துக் கதிரையில் உட்கார்ந்தாள். சுவரில் நடந்ததற்குப் பிறகு அவள் என் பக்கத்தில் உட்கார்ந்தது அதுதான் முதல் தடவை. தன் தாளைக் கறுப்பால் நிரப்பினாள். மறுபக்கத்தையும் நிரப்பினாள். இன்னும் போதவில்லை. என் தாளைப் பார்த்தாள். அதில் எதுவும் இல்லை.

"நீங்கள் இதைப் பாவிக்கவில்லைதானே?" என்று கேட்டுவிட்டு, பதிலுக்குக் காத்திராமல் இழுத்தாள்.

என் கை அதன் மேல் விழுந்தது.

"விடு புள்ள" என்றேன். தமிழில் வந்துவிட்டது. "அது என்னோடது."

அவளுக்கு வார்த்தை விளங்கியிருக்காது. பிடி விளங்கியது. அவள் ஒரு பக்கம், நான் ஒரு பக்கம். விட்டுக்கொடுக்க வேண்டும், நான் பெரியவள், ஆசிரியை, கதவடியில் ஹெலன் நிற்கிறார், எல்லாம் தெரிகிறது. விடவில்லை. எதற்காகப் பிடித்துக்கொண்டிருக்கிறேன் என்று எனக்கே தெரியவில்லை. மூன்று வாரம் ஒன்றும் செய்யாமல் பார்த்துக்கொண்டிருந்த ஒரு வெறும் தாள். அதை இன்னொருவர் எடுத்துக்கொண்டு போவதைப் பார்க்க முடியவில்லை.

ரூபி என்னை நிதானமாகப் பார்த்தாள். பிறகு தாளை மடித்து, பெருவிரல் நகத்தால் அழுத்தி, கிழித்தாள். நேராகக் கிழியவில்லை. பெரிய துண்டைத் தன் பக்கம் எடுத்துக்கொண்டு சின்னதை என் பக்கம் தள்ளினாள்.

"நீங்கள் மெதுவாகத்தானே செய்வீர்கள்" என்றாள். "இது போதும்."

ஒரு ஓரம் பல் பல்லாக, ஒரு மூலை நீண்டு கிடந்த அந்தத் துண்டை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். பழம் சாப்பிடும் நேரம் வந்து பிள்ளைகள் ஒவ்வொருவராக எழுந்து போனார்கள். ரூபியும் போனாள். ஹெலன் மணிக்கூட்டைக் காட்டி, நேரம் முடிந்துவிட்டது என்றார்.

இன்னும் கொஞ்ச நேரம் இருக்கிறேன் என்றேன்.